மூன்றாம் இலக்க மைக்

கோயில் திருவிழா, பள்ளிவாசல் கந்தூரி, எலக்‌ஷன் கூட்டம்,
செத்தவீட்டுக்கு ஒரு கூம்பு ஸ்பீக்கர்,
எல்லாவற்றுக்கும் சாமான் கொடுக்கிறவன் நான்.
சிறுவர் பாட்டு நாடகம், அதுவும் எஸ்தோனியாப் பிள்ளைகளுடையது,
இதுதான் முதல்.
வரைபடத்தில் தேடினேன்.
சுண்டுவிரல் நகம் பட்டதும் மறைந்துபோனது அந்த நாடு.

பதினாலு பிள்ளைகள் வந்து சேர்ந்தார்கள்.
பெட்டி மட்டும் கட்டுநாயக்காவில் நின்றுவிட்டது.
அதற்குள்தான் பனி இருந்ததாம்.
புளோரன்ஸ் மிஸ் பஞ்சு வாங்க ஆளனுப்பினா.
கிடைத்தது தலையணைக்கு அடைக்கிற இலவம் பஞ்சு, கொட்டையோடு.
கதாநாயகி கெர்ட்டு
தும்மித் தும்மியே ஒத்திகை பார்த்தாள்.

கதை இவ்வளவுதான்:
காட்டில் மிஞ்சிய ஒரே மான்.
நூறு குளிர்காலமாய் எவர் கண்ணிலும் படவில்லை.
ஒரு சிறுமி தேடிப் போகிறாள்.
மிஸ் குளிர்காலத்தை மாரி என்று தமிழாக்கினா,
ஆகவே எங்கட சனத்தின் கணக்கில்
மான் வெள்ளத்தோடு போனது.

மரங்களாய் நின்றது எங்கட பிள்ளைகள்.
உவர்மலை யாழிசை, கிண்ணியா சஹ்மா, சீனக்குடா நெத்மி.
மரத்துக்கு வசனம் கிடையாது.
மிஸ் கெஞ்சியதில் ஒரு சொல் கிடைத்தது.
மான் வந்ததா என்று கேட்கக் கேட்க
இல்லை, என்றது ஒரு மரம்.
நே, என்றது இன்னொன்று.
சஹ்மாவும் இல்லைதான், கொஞ்சம் கிண்ணியா இழுவையோடு.

நகரசபை மண்டபம் நிரம்பி வழிந்தது.
ஆறு விசிறியில் நாலு சுற்றியது.
கெர்ட்டு முழங்காலிட்டு
எங்கே இருக்கிறாய், ஒருமுறை முகம் காட்டு என்று
மேலே மேலே போனாள்.
என் மீட்டரின் முள் சிவப்பைத் தொடாமல்
விளிம்பில் நின்று நடுங்கியது.
முப்பது வருசத்தில் அப்படியொரு குரல் என் வயரில் ஓடியதில்லை.

மூன்றாம் வரிசையில் ஒரு பொடியன் எழும்பினான்.
"அக்கா, அது பஸ் ஸ்டாண்டில நிக்குது!"

மண்டபம் கொல்லென்று சிரித்தது.
பொய்யில்லையே.
இந்த ஊரில் மான் கோட்டையால் இறங்கி வரும்,
மரக்கறிக் கடை வாசலில் கோவா இலை தின்னும்,
சோற்றுப் பார்சல் சுற்றிய தாளை நக்கும்,
என் கேபிள் சுருளில் ஒருதரம் மூத்திரமும் பெய்தது.
மரங்களும் சிரித்துவிட்டன.
நெத்மியின் ஒரு கிளை கழன்று விழுந்தது.

இடைவேளை.
சட்டைக் கழுத்தில் குத்தியிருந்த மூன்றாம் இலக்க மைக்கை
நிற்பாட்டாமலே மேடைக்குப் பின்னால் ஓடினாள்.
சபைக்குக் கேட்காமல் இறக்கிவிட்டேன்.
காதில் இருந்ததைக் கழற்றவில்லை.
கழற்றியிருக்க வேண்டும்.

அழுகை. ஒரு தும்மல். திரும்பவும் அழுகை.
"உன்னையில்ல, மானைத்தான் சிரிச்சவை," யாழிசை.
நெத்மி சிங்களத்தில் என்னவோ, பாதிதான் பிடிபட்டது,
காலையில் கூட்டிப்போகிறோம் என்கிற மாதிரி.
பிஸ்கட் பாக்கெட் உடைகிற சத்தம், அது சஹ்மாவாய் இருக்கும்.
பிறகு கெர்ட்டு தன் மொழியில்
நீளமாய், மூச்சு விடாமல், ஏதோ சொன்னாள்.
முடிந்ததும் யாரோ "ம்" என்றார்கள்.
எந்தப் பிள்ளை என்று
இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

நாடகம் முடிந்தது. சனம் கலைந்தது.
பெட்டிகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தேன்.
கேற்றடியில் ஒரு கலைமான்
எங்கட போஸ்டரைத் தின்றுகொண்டு நின்றது,
கோதுமை மாப் பசைக்காக.
கீறியிருந்த மானின் கொம்பும்
எஸ்தோனியாவின் முதல் இரண்டு எழுத்தும் போய்விட்டன.

பஞ்சு ஒட்டிய தலையோடு
கெர்ட்டு வந்து நின்றாள்.
அவளுக்குத் தெரிந்த தமிழ் ஒரு சொல்தான்.
மானைக் காட்டி, கண் விரித்து,
"இல்லை," என்றாள். "இல்லை! இல்லை!"
"ஓம்," என்று திருத்தினாள் சஹ்மா.
"ஓ... ம்."

அப்போதுதான் கேட்டது.
உள்ளே, ஆளில்லாத மண்டபத்தில்,
இன்னும் இறக்காத இரண்டு பெரிய ஸ்பீக்கரிலும்
மொறு மொறு என்று
மான் கடதாசி மெல்லும் சத்தம்.
ஓடிப்போய் நிற்பாட்டவில்லை.
பற்றரி
பதினொன்றரை வரைக்கும் தாங்கும்.